மார்வெல், டிசி ஆசிரியர்களுக்கு: உங்கள் படைப்பாளிகளின் குடும்பப் பெயர்களுக்கு ஒரு குறுந்தொடர் வேண்டும்

மார்வெல், டிசி காமிக்ஸ் நிறுவனங்களில் குறுந்தொடர்களைத் தேர்ந்தெடுத்து வெளியிடும் ஆசிரியர் குழுவினருக்கு,

வணக்கம்.

கோரிக்கையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் நாயகர்களுக்குக் குடும்பப் பெயர் எப்படி வந்தது என்பதைச் சில குறுந்தொடர்களில் அருமையாகச் சொல்லியிருக்கிறீர்கள். அந்த நாயகர்களைப் படைத்தவர்களின் குடும்பப் பெயர்கள் எங்கிருந்து வந்தன, எப்படி மாறின என்பதையும் ஒரு குறுந்தொடராக வெளியிடுங்கள். இரண்டு நிறுவனங்களும் சேர்ந்தே வெளியிடுங்கள்.

மாதத் தொடரில் இதைச் செய்ய வேண்டாம். மாதத் தொடருக்கு முடிவு கிடையாது. எழுத்தாளர் மாறினால் நாயகனின் கடந்த காலமும் மாறும். குறுந்தொடருக்கு மூன்று இதழோ பன்னிரண்டு இதழோ, எல்லை முதலிலேயே தெரியும். எழுதுபவர் முடிவை மனதில் வைத்துக்கொண்டுதான் முதல் பக்கத்தை எழுதுவார். ஒரு குடும்பத்தின் பெயர் எங்கே தொடங்கியது என்று சொல்ல அந்தக் கட்டுப்பாடு தேவை.

இந்த வடிவம் பிறந்ததே ஒரு குடும்பத்தின் கதையோடுதான். டிசி 1979 ஜூலை முதல் செப்டம்பர் வரை வெளியிட்ட ‘வேர்ல்ட் ஆஃப் கிரிப்டான்’ மூன்றே இதழ்கள். அமெரிக்க காமிக்ஸில் குறுந்தொடர் என்ற வழக்கம் அதிலிருந்துதான் தொடங்கியது என்று பொதுவாகச் சொல்வார்கள். ‘ஷோகேஸ்’ இதழில் வரவேண்டிய கதை அது. அந்த இதழ் நின்றுபோனதால் தனியாக வந்தது. சூப்பர்மேனின் அப்பா ஜோர்-எல்லின் வாழ்க்கைதான் அதன் கதை.

சூப்பர்மேன் பிறந்த கிரகமான கிரிப்டானின் பெயர் வைக்கும் முறை எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆண்களுக்குக் குடும்பப் பெயர் உண்டு, சூப்பர்மேன் வீட்டில் அது ‘எல்’. பெண்களுக்கு அப்பாவின் முழுப் பெயரே பின்னால் வரும். காரா ஸோர்-எல் என்றால் ஸோர்-எல்லின் மகள் காரா. சூப்பர்மேனின் அம்மா லாரா லோர்-வான், லோர்-வானின் மகள். தமிழ் வாசகருக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. எங்களில் பெரும்பாலானோருக்குத் தலைமுறை தலைமுறையாகத் தொடரும் குடும்பப் பெயர் கிடையாது. அப்பா பெயரின் முதல் எழுத்துதான் இனிஷியல். அமெரிக்கா போகிறவர்கள் படிவத்தில் அந்த இடத்தைக் காலியாக விட முடியாமல் அப்பாவின் பெயரை எழுதுவார்கள். என் தம்பியும் அப்படித்தான் எழுதினான். இப்போது அவன் மகளின் பள்ளி அடையாள அட்டையில் குடும்பப் பெயராக எங்கள் அப்பாவின் பெயர் இருக்கிறது. அப்பா கடைசி வரை கடல் தாண்டியதில்லை. ஒரு படிவத்தின் முன்னால், பேனாவைப் பிடித்த அந்த நேரத்தில், இனி வரப்போகிற பிள்ளைகள் எல்லோருக்கும் பெயர் முடிவாகிவிட்டது. அதனால்தான் நீங்கள் குடும்பப் பெயரைத் தொடும் கதைகளை நான் விடாமல் படிக்கிறேன்.

‘ஒரிஜின்’ அப்படிப்பட்ட கதை. 1974இல் அறிமுகமான வுல்வரினுக்கு 2001 வரை பிறப்புப் பெயர் என்ன என்றே தெரியாது. ஆறு இதழ்களில் மார்வெல் அதைச் சொன்னது. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில், கனடாவின் ஆல்பர்ட்டாவில் ஒரு பெரிய பண்ணை வீடு. அங்கே ஜேம்ஸ் ஹௌலெட் என்ற நோஞ்சான் பையன். அந்த வீட்டின் தோட்டக்காரர் தாமஸ் லோகன். ஓர் இரவில் தாமஸின் துப்பாக்கி ஜேம்ஸின் அப்பாவைக் கொல்கிறது. பையனும் ரோஸ் என்ற பெண்ணும் தப்பி, பிரிட்டிஷ் கொலம்பியாவில் ஒரு கல்குவாரிக்கு வந்து சேர்கிறார்கள். பெயர் என்ன என்று கேட்கும்போது ரோஸ் சொல்லும் பெயர் லோகன். அப்பாவைக் கொன்றவனின் குடும்பப் பெயர்! அதைத்தான் அவன் காலமெல்லாம் சுமக்கிறான். அதோடு விடவில்லை. பையன் வளர வளர தாமஸின் முகச்சாயல் அவனிடம் தெரிவதை ஓவியர் ஆண்டி கூபர்ட்டின் கோடுகளிலேயே காட்டிவிட்டீர்கள். அந்தப் பெயர் உண்மையிலேயே அவனுடையதுதானோ என்ற கேள்வியோடு வாசகர் புத்தகத்தை மூட வேண்டியிருக்கிறது.

ஆனால் நான் உங்களுக்கு இந்த மடலை எழுதக் காரணம் இன்னொரு தொடர். 2008இல் தொடங்கி ஐந்து இதழ்கள் வந்த ‘மேக்னெட்டோ: டெஸ்டமெண்ட்’. எழுதியவர் கிரெக் பாக், வரைந்தவர் கார்மினே டி ஜியான்டொமெனிக்கோ.

காந்த சக்தி கொண்ட வில்லன் மேக்னெட்டோ 1963இலேயே வந்துவிட்டார். 1990களில் அவருக்கு எரிக் லென்ஷெர் என்று பெயர் வைத்தீர்கள். சில ஆண்டுகளிலேயே அது போலி ஆவணத்தில் எழுதப்பட்ட பெயர் என்று மாற்றினீர்கள். மாதத் தொடரில் பெயர் வைத்தால் இதுதான் நடக்கும். கிரெக் பாக் வந்து அவர் பெயர் மேக்ஸ் ஐசன்ஹார்ட் என்றார். அதோடு அந்தப் பெயருக்கு ஒரு வீட்டையும் கொடுத்தார். 1935இன் ஜெர்மனி. முதல் உலகப் போரில் ஜெர்மனிக்காகச் சண்டையிட்ட நகைத்தொழிலாளி அப்பா ஜேக்கப். பள்ளியில் ஈட்டி எறிதலில் ஜெயித்தாலும் ஏமாற்றியதாகப் பழி சுமக்கும் பையன். மாக்டா என்ற பெண்ணுக்காக அவன் செய்யும் வெள்ளிச் சங்கிலி. காந்த சக்தியை ஐந்து இதழ்களிலும் ஏறக்குறைய ஒளித்தே வைத்திருக்கிறார் எழுத்தாளர். இவ்வளவு பெரிய வில்லனின் கதையில் அதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

1938 ஆகஸ்டில் நாஜி அரசு ஓர் ஆணை போட்டது. யூதர் என்று பெயரிலேயே தெரியாத ஒவ்வொரு யூத ஆணும் ‘இஸ்ரேல்’ என்றும் பெண் ‘சாரா’ என்றும் தன் பெயரோடு சேர்த்துக்கொள்ள வேண்டும். 1939 ஜனவரி முதல் அது கட்டாயம். பிறகு ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் பெயரே போய், கையில் பச்சை குத்திய எண் வந்தது. இந்த வரலாற்றை வைத்துப் பார்த்தால் கடைசி இதழின் பாரம் புரியும். பிணங்களை எரிக்கும் வேலையில் தள்ளப்பட்ட மேக்ஸ், நடந்ததை ஒரு தாளில் எழுதி மண்ணில் புதைக்கிறான். அந்தத் தாளில் முதலில் இருப்பது அவன் முழுப் பெயர். அந்த முகாமில் அப்படி எழுதிப் புதைத்தவர்கள் உண்மையில் இருந்தார்கள். அவர்களின் எழுத்துகள் போருக்குப் பின் தோண்டி எடுக்கப்பட்டன. தொகுப்பு நூலின் பின்பகுதியில் எந்தக் காட்சிக்கு எது ஆதாரம் என்று கிரெக் பாக் குறிப்பு எழுதியிருக்கிறார். ஆசிரியர்கள் வகுப்பில் பயன்படுத்த ஒரு வழிகாட்டியும் சேர்த்திருக்கிறீர்கள். கற்பனைப் பாத்திரம் ஒருவனின் குடும்பப் பெயருக்கு நீங்கள் எடுத்துக்கொண்ட சிரத்தை இது.

சரி, நிஜ மனிதர்களுக்கு வருவோம்.

1962 ஆகஸ்ட் தேதியிட்ட ‘ஜர்னி இன்டு மிஸ்டரி’ 83ஆவது இதழில் தோர் முதன்முதலில் வருகிறார். கதைக்கரு ஸ்டான் லீ, வசனம் லாரி லீபர், படம் ஜேக் கர்பி. இந்த மூன்று பெயர்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். லீயும் லீபரும் கூடப்பிறந்த அண்ணன் தம்பி. ருமேனியாவிலிருந்து வந்த யூதக் குடும்பம், அப்பா துணி வெட்டும் தொழிலாளி. ஸ்டான்லி மார்ட்டின் லீபர் 1941இல் கேப்டன் அமெரிக்கா இதழில் ஒரு சின்னக் கதை எழுதும்போது ஸ்டான் லீ என்று போட்டுக்கொண்டார். பின்னால் எழுதப்போகும் பெரிய இலக்கியத்துக்குச் சொந்தப் பெயரைப் பத்திரமாக வைத்திருந்தார். அந்தப் பெரிய இலக்கியம் வரவில்லை, லீ என்பதே சட்டப்படி பெயராகிவிட்டது. தம்பி லாரி வீட்டுப் பெயரிலேயே எழுதினார், வரைந்தார். ஒரே வீட்டில் பிறந்தவர்கள் ஒரே கதைக்கு இரண்டு குடும்பப் பெயர்களில் வேலை செய்தார்கள். இதைவிட நல்ல தொடக்கக் காட்சி உங்களுக்கு எங்கே கிடைக்கும்?

மூன்றாமவர் ஜேக்கப் கர்ட்ஸ்பெர்க். 1917இல் நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடில் பிறந்தவர். அப்பா பெஞ்சமின் ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். ஆஸ்திரியாவிலிருந்து வந்தவர்கள். அந்த நாட்டில் 1787இல் பேரரசர் இரண்டாம் ஜோசப் போட்ட ஆணைப்படி யூதர்கள் நிலையான ஜெர்மன் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ள வேண்டியிருந்தது. அதுவரை அவர்களில் பெரும்பாலோர் எங்களைப் போல அப்பாவின் பெயரைச் சொல்லித்தான் தங்களை அறிமுகப்படுத்திக்கொண்டார்கள். அதிகாரிகளின் பதிவேட்டுக்காக வந்த ஒரு வகைப் பெயரை அமெரிக்காவில் பிறந்த மகன் தானாகக் கழற்றி வைத்தார். பல புனைபெயர்களைப் போட்டுப் பார்த்துவிட்டு, நடிகர் ஜேம்ஸ் காக்னியை நினைவூட்டியதால் ஜேக் கர்பியில் நிலைத்தார். யூதர் என்பதை மறைக்கத்தான் மாற்றினார் என்று யாராவது சொன்னால் அவருக்குக் கோபம் வரும். அந்தக் கோபமும் உங்கள் தொடரில் வர வேண்டும். கர்பி வரைந்த ‘தி திங்’ பாத்திரத்தின் முழுப் பெயரைப் பாருங்கள்: பெஞ்சமின் ஜேக்கப் கிரிம். அப்பாவின் பெயரும் தன் பிறப்புப் பெயரும் அங்கே இருக்கின்றன. கர்பி உருவாக்கிய நாயகனை வைத்து 2017இல் தொடங்கி டிசி வெளியிட்ட பன்னிரண்டு இதழ் ‘மிஸ்டர் மிராக்கிள்’ தொடரிலும் நாயகனுக்குப் பிறக்கும் குழந்தையின் பெயர் ஜேக்கப்.

சூப்பர்மேனை உருவாக்கிய இருவரின் வீடுகளிலும் இதே கதை. ஜெர்ரி சீகலின் பெற்றோர் லிதுவேனியாவிலிருந்து 1900இல் வந்தவர்கள். அப்பா பிறந்தபோது செகலோவிச். ஜோ ஷஸ்டரின் அப்பா குடும்பம் முதலில் ஷஸ்டரோவிச். பேட்மேன் பக்கம் போனால் பாப் கேன் ராபர்ட் கான் ஆகப் பிறந்தவர். கிரீன் லான்டர்னை வரைந்த கில் கேன், ரிகாவில் எலி காட்ஸ் ஆகப் பிறந்தவர்.

இங்கே ஒரு வேண்டுகோள். நியூயார்க்கில் குடியேற வந்தவர்களைச் சோதித்த எல்லிஸ் தீவில் ஓர் அதிகாரி பெயர் புரியாமல் தப்பாக எழுதிவிட்டார், குடும்பமே அந்தப் பெயரோடு வாழ்ந்தது என்ற காட்சியைத் தயவுசெய்து வரையாதீர்கள். பல குடும்பங்கள் இதை நம்பிக்கையோடு பேரன் பேத்திகளுக்குச் சொல்கின்றன. ஆனால் அங்கே அதிகாரிகள் புதிதாகப் பெயர் எழுதவில்லை. கப்பல் கம்பெனி புறப்படும் துறைமுகத்திலேயே தயாரித்துக் கொடுத்த பயணிகள் பட்டியலை வைத்துத்தான் சரிபார்த்தார்கள். மொழிபெயர்ப்பாளர்களும் இருந்தார்கள். பெயரை மாற்றியது பெரும்பாலும் அந்த மக்கள்தான். வேலை கேட்டுப் போன இடத்தில் பெயரைக் கேட்டதும் கதவு மூடியது, கல்லூரி விண்ணப்பத்தில் பெயரைப் பார்த்ததும் இடம் இல்லை என்றானது. அதனால் நியூயார்க் நீதிமன்றத்தில் மனு போட்டுப் பெயரை மாற்றினார்கள். 1930களிலும் 40களிலும் அப்படி மனு போட்டவர்களில் யூதர்கள் ஏராளம். தவறு செய்த ஒரு குமாஸ்தாவை வரைவது சுலபம். சொந்தப் பெயரை விட்டுத்தருவதற்கு ஒரு குடும்பம் இரவு சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து பேசுவதை வரைவதுதான் கஷ்டம். டெஸ்டமெண்ட் போட்டவர்களால் அது முடியும்.

இன்னொரு பெயரும் உங்களுக்காகக் காத்திருக்கிறது. 2003இல் வந்த ஏழு இதழ் ‘ட்ரூத்: ரெட், வைட் அண்ட் பிளாக்’ தொடரில், கேப்டன் அமெரிக்காவுக்கு வலிமை தந்த சீரம் மருந்தைக் கறுப்பினச் சிப்பாய்கள் மீது சோதித்த கதையைச் சொன்னீர்கள். அதில் உயிர் பிழைத்தவர் ஐசாயா பிராட்லி. அந்த ‘பிராட்லி’ யாருடைய பெயர்? 1850, 1860 கணக்கெடுப்புகளின் அடிமைப் பட்டியல்களில் உரிமையாளரின் பெயருக்குக் கீழே வயது, பால், நிறம் மட்டும்தான் எழுதினார்கள். அடிமைகளாக இருந்தவர்கள் எல்லோரும் முழுப் பெயரோடு கணக்கில் வந்தது 1870இல்தான். சிலர் பழைய உரிமையாளரின் பெயரை வைத்துக்கொண்டார்கள், சிலர் தாங்களே தேர்ந்தெடுத்தார்கள். ஐசாயாவின் தாத்தாவோ கொள்ளுத்தாத்தாவோ அந்தக் கணக்கெடுப்பாளரின் முன்னால் நின்றிருப்பார். அந்தக் குடும்பத்துக்கும் தனியாக ஒரு குறுந்தொடர் வர வேண்டும். படைப்பாளிகளின் தொடரோடு இதைக் கலந்துவிடாதீர்கள், இரண்டும் வேறு வேறு காயங்கள்.

இரண்டு நிறுவனங்களும் சேர்ந்து எப்படிச் செய்வது என்று கேட்பீர்கள். செய்திருக்கிறீர்களே! உங்கள் இரு நிறுவன நாயகர்களும் சேர்ந்து வந்த ‘ஜேஎல்ஏ/அவெஞ்சர்ஸ்’ நான்கு இதழ்கள் 2003இல் தொடங்கி வந்தன. 2022இல் அதன் ஓவியர் ஜார்ஜ் பெரஸ் உடல்நலம் குன்றியிருந்தபோது அதை 7,000 பிரதிகள் மறுபதிப்பு செய்து, நலிந்த படைப்பாளிகளுக்கு உதவும் ஹீரோ இனிஷியேட்டிவ் அமைப்புக்கு வருமானத்தைக் கொடுத்தீர்கள். கர்பி உங்கள் இருவருக்கும் வரைந்தவர். 1970இல் மார்வெலை விட்டு டிசிக்குப் போனார். அவர் குடும்பத்தின் கதையை ஒரு நிறுவனம் மட்டும் சொன்னால் பாதி விட்டுப்போகும்.

ஆறு இதழ்கள் போதும். ஓர் இதழுக்கு ஒரு வீடு. குடும்பத்தாரின் சம்மதத்தோடு, கிரெக் பாக் செய்ததுபோலக் கடைசியில் ஆதாரக் குறிப்புகளோடு. கிடைத்தால் கப்பல் பட்டியலின் பக்கத்தையும் நீதிமன்ற மனுவையும் படமெடுத்து அப்படியே அச்சிடுங்கள். அப்புறம் அட்டையில் படைப்பாளிகளின் இரண்டு பெயர்களையும் போடுங்கள், பிறந்த பெயரும் நாங்கள் அறிந்த பெயரும் ஒரே அளவு எழுத்தில். வருமானத்தை மறுபடி ஹீரோ இனிஷியேட்டிவுக்கே கொடுக்கலாம்.

முதல் இதழை லீபர் வீட்டிலிருந்து தொடங்குங்கள் என்பது என் விருப்பம்.

அன்புடன்,
உங்கள் தமிழ் வாசகன்