சர்க்கரை அளவு மட்டும் போதுமா?

ஆசிரியருக்கு,

டர்பனின் சாட்ஸ்வர்த் பகுதியில் முதியோருக்கு நடக்கும் மருத்துவ முகாம்களில் சர்க்கரை, இரத்த அழுத்தம், எடை மூன்றையும் அட்டையில் குறித்து அனுப்பிவிடுகிறார்கள். தூக்கம் வருகிறதா என்று கேட்க ஆளில்லை.

உலக சுகாதார நிறுவனம் இதற்கென்றே 26 கேள்விகள் கொண்ட வாழ்க்கைத்தர வினாத்தாளை வைத்திருக்கிறது. கடந்த இரண்டு வார நிலையைக் கேட்பது அது. உடல், மனம், உறவுகள், சூழல் என நான்குக்கும் தனித்தனி மதிப்பெண். எல்லாவற்றையும் கூட்டி ஒரே எண்ணாக்குவதில்லை. எனக்குப் பிடித்ததே அதுதான். முழங்கால் வலியால் உடல் மதிப்பெண்ணில் சறுக்கும் ஒரு தாத்தா, காவடிக் குழுவினரோடு பழகுவதால் உறவில் உயர்ந்து நிற்கலாம். சர்க்கரை கட்டுக்குள் இருக்கும் இன்னொருவரோ, திருட்டு பயத்தில் பொழுது சாயுமுன்பே கதவைத் தாழிட்டு ஒடுங்கிக் கிடக்கலாம். அன்றாடப் பாதுகாப்பும் போக்குவரத்து வசதியும் அந்தத் தாளில் கேள்விகளாகவே உள்ளன.

ஒரு சிக்கல் உண்டு. 21ஆவது கேள்வி தாம்பத்திய உறவில் திருப்தியா என்பது. அதைப் பேரன் பாட்டிக்கு வாசித்துக் காட்டினால் இருவர் முகமும் எங்கே போகும்? பெரியவர்களே தனியாக நிரப்பட்டும்; இயலாதவர்களுக்கு வெளியாள் ஒருவர் வாசிக்கட்டும். தமிழ் வடிவமும் இருக்கிறது, மொழிபெயர்க்கும் வேலை மிச்சம்.

நேரமில்லை என்பவர்களுக்கு மனநலம் பற்றிய அதே நிறுவனத்தின் ஐந்து கேள்வித் தாள் உண்டு. இரத்த அழுத்தம் பார்க்க வரிசையில் நிற்கும் நேரத்திலேயே அதை முடித்துவிடலாம்.

வாசகர் ஒருவர்,
டர்பன்