டிவி எழுத்து வீண்போகாது

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. முதல் சினிமா கைக்கு வந்துவிட்டது என்று படித்ததும் வீட்டில் எல்லோருக்கும் சத்தமாக வாசித்துக் காட்டினேன். இங்கே அனைவரும் நலம். பெரியவள் கல்லூரியில் சேர்ந்துவிட்டாள். நான் இன்னும் சீரியலுக்குத்தான் வசனம் எழுதுகிறேன்.

டிவியில் எழுதிப் பழகிய கை சினிமாவுக்கு ஆகாது என்று உன்னிடம் யாரோ சொன்னதாக எழுதியிருந்தாயே, அதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. டிவியில் எழுதத் தொடங்கி சினிமாவுக்குப் போன அமெரிக்க எழுத்தாளர் பேடி சயெஃப்ஸ்கியைப் படி. 1953இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் நேரலையாக ஒளிபரப்பான ஒரு மணி நேர நாடகம் அவருடைய 'மார்ட்டி'. நியூயார்க்கில் அம்மாவோடு வாழும், கல்யாணம் ஆகாத கறிக்கடைக்காரன் ஒருவனின் கதை. அவன் ஒரு பெண்ணுக்கு போன் செய்து வெளியே போகலாமா என்று கேட்கிறான். அவள் பேசுவது நமக்குக் கேட்பதே இல்லை. அவன் பதில்கள் மட்டும் சுருங்கிக்கொண்டே வருகின்றன. அவ்வளவுதான், மனசு கனத்துவிடுகிறது. சின்னத் திரை, நாலு சுவர், செலவு செய்ய வழியில்லை. அதனால்தான் அவர் முகத்தையும் பேச்சையும் நம்பினார். டிவியில் அதை இயக்கிய டெல்பர்ட் மானே 1955இல் அதைப் படமாக்கினார். சிறந்த படம், திரைக்கதை உட்பட நான்கு ஆஸ்கர்.

அப்புறம் 'தி ஹாஸ்பிடல்', 'நெட்வொர்க்' படங்கள் இரண்டுக்கும் சயெஃப்ஸ்கி திரைக்கதை ஆஸ்கர் வாங்கினார். கூட்டாளி இல்லாமல் தனியாக எழுதி மூன்று முறை அதை வென்றவர் வேறு யாருமில்லை.

1976இல் வந்த 'நெட்வொர்க்'கை நம்மைப் போன்றவர்கள் பார்த்தே ஆக வேண்டும். ரேட்டிங்குக்காக ஒரு சேனல் எதுவரை போகும் என்பதை உள்ளேயிருந்து பார்த்தவர் எழுதியது. அதிலும் கணவன் இன்னொருத்தியை விரும்புவதாகச் சொல்லும்போது மனைவி வெடிக்கும் காட்சி! மனைவியாக நடித்த பியட்ரிஸ் ஸ்ட்ரெய்ட் படத்தில் வருவது மொத்தம் ஐந்து நிமிடம் போல. அதற்கே துணை நடிகைக்கான ஆஸ்கர் கிடைத்தது. துணைப் பாத்திரத்துக்கும் முழு வாழ்க்கை தரும் இந்தப் பழக்கம் உன்னிடமும் இருக்கிறது. உன் சீரியலில் பக்கத்து வீட்டுப் பாட்டிக்குக்கூடச் சொந்தமாக ஒரு கவலை இருந்ததே. அதைப் படத்திலும் விட்டுவிடாதே.

ஒன்று மட்டும் கவனம். தன் வசனத்தை மாற்றவிடாமல் காப்பதில் சயெஃப்ஸ்கி ரொம்பக் கறாரானவர். 1980இல் வந்த 'ஆல்டர்டு ஸ்டேட்ஸ்' படத்தில் இயக்குநரோடு ஒத்துப்போகாமல் தன் பெயரையே எடுத்துவிட்டு, 'சிட்னி ஆரன்' என்று போடவைத்தார். அந்த நிலைக்கு வந்தபின் அவரால் அது முடிந்தது. நமக்கு ஒப்பந்தம்தான் துணை. டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம் மூன்றில் எதற்கு உன் பெயர் வரும், ஸ்பாட்டில் வசனம் மாறினால் உன்னைக் கேட்பார்களா என்று எழுத்தில் வாங்கிவிட்டுக் கையெழுத்துப் போடு.

முதல் வரைவு முடிந்ததும் எனக்கு அனுப்பு. இரண்டு நாளில் படித்துவிட்டுக் கூப்பிடுகிறேன்.

அன்புடன்,
உன் பழைய நண்பன்