சாரத்தைப் பிரிக்காத கோபுரம்

அன்புள்ள மகனுக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். இங்கே இங்கிலாந்தில் அக்கா, அத்தான், உன் மருமகன் எல்லாரும் நலம். இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் போனை எடுத்தால் நீ முட்டி எப்படி இருக்கிறது, மாத்திரை போட்டீர்களா என்று கேட்பாய், நான் பதில் சொல்வேன், அதோடு பேச்சு முடிந்துவிடும். இது கொஞ்சம் நீளமான சங்கதி. அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். அக்கா போட்டோ பிடித்து உனக்கு அனுப்புவாள்.

முதலில் குற்றத்தை ஒப்புக்கொண்டுவிடுகிறேன். ஏறிவிட்டேன். நீ மஸ்கட்டிலிருந்து வேண்டாம், வேண்டாம் என்று சொன்ன அதே சாலிஸ்பரி பேராலயக் கோபுரத்தில்தான். மொத்தம் 332 படி. அக்காவைத் திட்டாதே. அவள் உன் கட்சிதான். டிக்கெட் போடச் சொல்லி நச்சரித்தது நான்.

நம் பாளையங்கோட்டைக்காரனுக்கு ஊசிக்கோபுரம் என்றால் ஒன்றுதான். ரேனியஸ் ஐயர் 1826இல் கட்டிய தூய திரித்துவ ஆலயத்தின் கோபுரம். சின்ன வயதில் எங்கே விளையாடப் போனாலும் அது தெரிகிற தூரத்துக்குள் இருக்க வேண்டும் என்று உங்கள் ஆச்சி சொல்லி அனுப்புவாள். உலகத்திலேயே அதுதான் உயரம் என்று ரொம்ப நாள் நம்பியிருந்தேன். இந்த சாலிஸ்பரி பேராலயத்தின் ஊசி 123 மீட்டர். நம் கணக்கில் 404 அடி. பிரிட்டனில் உள்ள கோயில் ஊசிகளிலேயே இதுதான் உயரம். சவுத்தாம்ப்டனிலிருந்து ரயிலில் போனோம். ஊர் வருவதற்கு முன்னாலேயே அது வந்துவிட்டது. அம்மா பார்த்துவிட்டு, "நீங்க போய்ட்டு வாங்க, நான் கீழ இருந்து ஜெபம் பண்ணுதேன்" என்று சொல்லிவிட்டாள்.

வழிகாட்டி ஒரு அம்மா. என் வயது இருக்கும், தலையெல்லாம் வெள்ளை. சம்பளம் வாங்காமல் ஊழியமாகச் செய்கிறார். எங்கள் குழுவில் பத்துப் பன்னிரண்டு பேர். உடனே படிக்கட்டுக்குக் கூட்டிப்போவார் என்று பார்த்தால், முதலில் தூண்களைப் பார்க்கச் சொன்னார். கோயிலின் நடுவில், கோபுரத்துக்கு நேர் கீழே, நான்கு பெரிய தூண்கள். அண்ணாந்து பார்த்தேன். எனக்கு வயிற்றைப் பிசைந்தது. தூண்கள் வளைந்திருக்கின்றன! ஏதோ கண் மயக்கம் என்று நினைத்துக் கண்ணாடியைத் துடைத்துவிட்டுப் பார்த்தேன். வளைந்துதான் இருக்கின்றன. முப்பத்தொரு வருஷம் ஓவர்சியராக இருந்தவனுக்கு இதைப் பார்த்தபின் அந்தக் கோபுரத்தில் ஏற எவ்வளவு தைரியம் வேண்டும், யோசித்துப் பார்.

நடந்தது இதுதான். பழைய கோயில் இங்கிருந்து வடக்கே ஓல்ட் சாரம் என்கிற குன்றின் மேல் இருந்திருக்கிறது. (பெயரைக் கேட்டதும் உன் ஞாபகம்தான் வந்தது. ஆனால் கட்டட வேலைக்கு ஆள் ஏறி நிற்கக் கட்டுகிற நம் சாரத்துக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.) அங்கே தண்ணீர்க் கஷ்டம், காற்று, பக்கத்துக் கோட்டைச் சிப்பாய்களோடு ஓயாத தகராறு. அதனால் கீழே ஆற்றங்கரைக்கு வந்து 1220இல் புதிதாக ஆரம்பித்தார்கள். 1258இல் பிரதிஷ்டை. அந்தக் காலத்துக்கு 38 வருஷம் என்பது மின்னல் வேகம். அப்போது நடுவில் குட்டையான கோபுரம்தான். அதற்கு அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்தவர்களுக்கு ஆசை விடவில்லை. அதன் மேல் உயரமான கோபுரம், அதற்கும் மேல் கல்லால் ஊசி என்று 6,500 டன்னை ஏற்றிவிட்டார்கள். தூண் வளையாமல் என்ன செய்யும்?

அஸ்திவாரம் எவ்வளவு ஆழம் என்று கேட்டேன். நான்கு அடி என்றார். மறுபடி கேட்டேன். நான்கு அடிதான். நம் வீட்டுக் காம்பவுண்டு சுவருக்கு நான் மூன்றடி தோண்டினேன், கொத்தனார் அதுவே அதிகம் என்று முணுமுணுத்தது உனக்கு ஞாபகம் இருக்கும். கீழே சரளைப் படுகை, அதில் எப்போதும் தண்ணீர். தரையில் ஒரு கல்லைத் தூக்கிவிட்டுக் குச்சியை விட்டு நீர்மட்டம் பார்க்கிறார்கள், நாம் கிணற்றில் பார்க்கிற மாதிரி. அந்த ஈரச் சரளைதான் இத்தனை நூற்றாண்டாகத் தாங்குகிறது. எந்தப் பொறியாளரும் இன்று இந்த வரைபடத்தில் கையெழுத்துப் போடமாட்டான்.

சரி, ஏறிய கதைக்கு வருகிறேன். முதல் படிக்கட்டு கல்லால் ஆன சுழல்படி. ஒருவர் பின் ஒருவராகத்தான் போகமுடியும். முன்னால் போகிறவரின் செருப்புக் குதிகால் மட்டும் கண்ணுக்குத் தெரியும். அக்கா எனக்குப் பின்னால் வந்தாள், நான் விழுந்தால் பிடிப்பதற்காம். நான் விழுந்தால் இரண்டு பேரும்தான் போவோம். நல்லவேளையாக ஒரே மூச்சில் ஏறவேண்டியதில்லை. ஒவ்வொரு நிலையிலும் நிறுத்தி நிறுத்திக் கதை சொல்கிறார்கள். முட்டி அந்தக் கதைகளுக்கு நன்றி சொன்னது.

முதல் நிறுத்தம், கூரைக்கும் உள்கூரைக்கும் நடுவில். கீழிருந்து பார்த்தால் கைகோத்து நிற்கிற மாதிரி அழகான கல் வளைவுகள். மேலிருந்து அதன் முதுகைப் பார்த்தால் கவிழ்த்துவைத்த சட்டிகள், வரிசையாக, சுத்தமாக ஒரு அலங்காரமும் இல்லாமல். அதற்கு மேலே மர உத்திரங்கள். அந்த இருட்டில் நடைபலகையில் நடந்துபோகும்போது ஏதோ கப்பலைக் கவிழ்த்து அதன் வயிற்றுக்குள் போகிற மாதிரி இருந்தது.

அப்புறம் கோபுரத்துக்குள் மரப்படிகள். மணிகள் இருக்கும் அறையில் நிற்கும்போது மணி அடிக்கும் நேரம் வந்துவிட்டது. காதைப் பொத்திக்கொள்ளுங்கள் என்று சொன்னார். நான் பெருமைக்குப் பொத்தவில்லை. மூன்றாவது அடியில் பொத்திக்கொண்டேன். இந்த ஊர்க் கோயிலில் இன்னொரு கடிகாரமும் கீழே இருக்கிறது, 1386இல் செய்தது என்று சொல்கிறார்கள். முள்ளும் கிடையாது, முகமும் கிடையாது. மணி மட்டும் அடிப்பதற்காகச் செய்த இரும்புக் கூடு. உன் மருமகன் அதன் முன்னால் நின்று, "இதுல எப்படி டைம் பார்க்க?" என்று கேட்டுக்கொண்டே இருந்தானாம்.

இப்போதுதான் நான் சொல்லவந்த இடத்துக்கு வருகிறேன்.

கோபுரத்தின் சதுரம் முடிந்து ஊசி ஆரம்பிக்கிற இடம். தரையிலிருந்து 225 அடி. எங்களைப் போன்றவர்களுக்கு எல்லை அதுதான். அங்கே உள்ளே நின்று மேலே பார்க்கச் சொன்னார். ஊசி உள்ளே வெற்றிடமாக இருக்கும், கூம்பு மாதிரி இருட்டாகத் தெரியும் என்றுதான் நினைத்திருந்தேன். பார்த்தால், ஐயா, முழுக்கச் சாரம்! நடுவில் பெரிய மரம், அதிலிருந்து குறுக்குச் சட்டங்கள், மூட்டுகள், தட்டுத் தட்டாக மேலே மேலே போய்க் கண்ணுக்கு எட்டாமல் மறைகிறது. ஊசியைக் கட்டியபோது கொத்தனார்கள் நின்ற அதே சாரம். உள்ளே மரத்தால் சாரம் கட்டிக்கொண்டே போக, சுற்றி வெளியே கல் ஏறியிருக்கிறது. வேலை முடிந்ததும் அதைப் பிரிக்கவில்லை. சுமார் எழுநூறு வருஷமாக அங்கேயே நிற்கிறது. கல் தூக்கிய பெரிய மரச் சக்கரமும் பக்கத்தில் அப்படியே இருக்கிறது, நாளைக்கு ஆள் வந்து சுற்றப் போகிற மாதிரி.

சும்மா காட்சிக்காக விட்டுவைத்ததும் இல்லை. உச்சியில் விமானங்களுக்காகச் சிவப்பு விளக்கு எரிகிறது. அதைக் கவனிக்கப் போகிறவர்கள் இந்தச் சாரத்தின் வழியாகத்தான் ஏணி ஏணியாக ஏறுகிறார்கள். ஊசி ரொம்ப ஒடுங்கிப்போகிற இடத்தில் ஒரு சின்னக் கதவு. அதைத் திறந்து வெளியே வந்து, கல்லில் பதித்த இரும்புப் பிடிகளைப் பிடித்துக்கொண்டு மிச்சத்தை வெளிப்புறமாக ஏறவேண்டும். கேட்கும்போதே எனக்கு உள்ளங்கால் கூசியது. உனக்குக் கூசாது, பெல்ட்டை எங்கே மாட்டுவார்கள் என்றுதான் கேட்டிருப்பாய்.

வெளிச் சாரத்தின் கதை வேறு. 1986இல் பெரிய மராமத்து ஆரம்பித்துக் கிட்டத்தட்ட 40 வருஷம் இந்தக் கோயிலின் ஏதாவது ஒரு பக்கத்தில் சாரம் நின்றபடியே இருந்திருக்கிறது. ஒரு தலைமுறை பிள்ளைகள் சாரம் இல்லாத கோயிலைப் பார்த்ததே இல்லை.

அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றபோது எனக்கு சித்தி மகள் கல்யாண வீடு ஞாபகம் வந்தது. பந்தியில் ஒருவர், பையன் மஸ்கட்டில் என்ன செய்கிறான் என்று கேட்டார். நான் இன்ஜினியர் என்றேன். பக்கத்தில் இருந்த நீ, "சாரம் செக் பண்ணுறேன்னு சொல்லுங்கப்பா, அதுல என்ன இருக்கு" என்றாய். நான் ரசம் கேட்டு ஆளைக் கூப்பிட்டேன். நீயும் அதற்குப் பிறகு அந்தப் பேச்சை எடுத்ததில்லை. பச்சை அட்டை மாட்டினால்தான் ஆள் ஏறலாம், சிவப்பு மாட்டினால் முதலாளியே வந்தாலும் ஏறக்கூடாது என்று நீ சொன்னதெல்லாம் நான் கேட்காமல் இல்லை. கேட்டேன். ஆனால் என் மனதில் சாரம் என்றால் சவுக்குக் கட்டையும் கயிறும், கட்டடம் முடிந்த அன்றைக்கே அவிழ்த்து லாரியில் போடுகிற சாமான். என் சர்வீஸில் அளவுப் புத்தகத்தில் கல்லை எழுதியிருக்கிறேன், சுண்ணாம்பை எழுதியிருக்கிறேன். சாரம் கட்டினவன் பேரை ஒருநாளும் கேட்டதில்லை.

வழிகாட்டி அம்மாவிடம் இந்தச் சாரத்தை யார் பரிசோதிக்கிறார்கள் என்று கேட்டேன். கோயிலுக்கென்றே வேலையாட்கள் இருக்கிறார்கள், அவர்கள் பார்க்கிறார்கள் என்றார். ஏன் கேட்கிறீர்கள் என்று திருப்பிக் கேட்டார். "என் மகன் ஓமனில் சாரம் பரிசோதகர்" என்றேன். என் இங்கிலீஷில் சத்தமாகவே வந்துவிட்டது. எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அந்த அம்மா என் தோளைத் தொட்டு, முன்னால் நின்றவர்களை விலகச் சொல்லி, நன்றாகத் தெரிகிற இடத்தில் என்னைக் கொண்டுபோய் நிறுத்தினார். அக்கா ஒன்றும் சொல்லவில்லை. ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பிறகு வெளி மாடத்துக்குப் போனோம். காற்று ஆளைத் தள்ளியது. ஆறு, புல்வெளி, வடக்கே அந்தப் பழைய குன்று எல்லாம் தெரிந்தது. கோபுரத்தில் வல்லூறுகள் கூடு கட்டுகின்றன. நாங்கள் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை, புறாக்கள்தான் இருந்தன.

இறங்கி வந்ததும் தரையில் ஒரு பித்தளைத் தகடு காட்டினார்கள். 1668இல் கிறிஸ்டோபர் ரென் என்கிற பெரிய கட்டடக் கலைஞர் வந்து அளந்தாராம். ஊசியின் உச்சி நடுவிலிருந்து 29½ அங்குலம் விலகியிருக்கிறது. தூக்குக்குண்டை மேலேயிருந்து விட்டால் எங்கே தொடுமோ அங்கே அந்தத் தகடு. இரும்புப் பட்டை போட்டு இறுக்கச் சொல்லியிருக்கிறார். அப்புறம் அளந்தபோது பெரிதாக நகரவில்லையாம். நான் தகட்டின் மேல் நின்று மேலே பார்த்தேன், ஒன்றும் தெரியவில்லை, கழுத்துதான் வலித்தது.

அம்மா கீழே டீக்கு வாங்கின கேக்கில் எனக்குப் பாதி வைத்திருந்தாள். முட்டி கொஞ்சம் வீங்கியிருக்கிறது, அதை உன்னிடம் சொல்லக்கூடாது என்று நான் சொன்னேன், அவள் எப்படியும் சொல்வாள், அதனால் நானே சொல்லிவிட்டேன். தைலம் போட்டிருக்கிறேன்.

சாரத்தைப் போட்டோ எடுத்தேன், இருட்டில் சரியாக விழவில்லை. மூட்டுகளை எப்படிப் போட்டிருக்கிறார்கள் என்று எனக்குப் பிடிபடவில்லை, நீ பார்த்தால் சொல்வாய். டிசம்பர் லீவில் ஊருக்கு வருவதற்கு முன்னால் நான்கு நாள் இங்கே வந்துவிட்டுப் போகமுடியுமா என்று பார். அக்கா டிக்கெட் போடுகிறேன் என்கிறாள். இந்த முறை நான் கீழே அம்மாவோடு உட்கார்ந்துகொள்கிறேன்.

நேரத்துக்குச் சாப்பிடு.

அன்புடன்,
அப்பா