ஜேம்ஸ் பாரட்டின் பெயரையும் சேருங்கள்

அமெரிக்கத் திரைப்படக் கலை, அறிவியல் அகாடமியின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம்.

நகைச்சுவைக் குறும்படத்துக்கு நீங்கள் முதன்முதலில் ஆஸ்கர் கொடுத்தது 1932 நவம்பரில், உங்கள் ஐந்தாவது விழாவில். வென்ற படம் லாரலும் ஹார்டியும் நடித்த 'தி மியூசிக் பாக்ஸ்'. உங்கள் விருதுப் பட்டியலில் அதற்கு நேரே தயாரிப்பாளர் ஹால் ரோச்சின் பெயர் இருக்கிறது. இயக்கிய ஜேம்ஸ் பாரட்டைக் காணோம். குறும்பட விருது தயாரிப்பாளருக்கே போவது அன்றைய வழக்கம், தெரியும். அந்த வழக்கத்தைத்தான் நீங்களே எப்போதோ கைவிட்டுவிட்டீர்களே!

பாரட் 1897இல் பால்டிமோரில் பிறந்தவர், நகைச்சுவை நடிகர் சார்லி சேஸின் தம்பி. மௌனப் படங்களில் நடித்துவிட்டு இயக்கத்துக்கு வந்தார். பேசும் படம் வந்ததும் பலர் மைக்கைக் கண்டு மிரண்டு, நடிகர்களை ஓரிடத்தில் நிறுத்திப் பேசவிட்டார்கள். பாரட் படங்களில் பேச்சு குறைவு, சத்தம்தான் சிரிக்க வைக்கும். 1927இல் இதே ஜோடி ஒரு மௌனப் படத்தில் சலவை இயந்திரத்தைத் தூக்கிக்கொண்டு படியேறியது. 'தி மியூசிக் பாக்ஸ்' படத்தில் பெட்டிக்குள் இருப்பது பியானோ. அது கைநழுவி லாஸ் ஏஞ்சல்ஸின் அந்த நெட்டைப் படிக்கட்டில் உருளும்போதெல்லாம் உள்ளே தந்திகள் அலறுகின்றன. மௌனப் படத்தில் இந்தச் சிரிப்புக்கு வழியே இல்லை.

லாரல் ஹார்டியை வைத்து பாரட் இயக்கிய 'பிளாட்டோ', 'பிலோ ஜீரோ' போன்ற படங்களை ஸ்பானிய மொழியிலும் எடுத்தார்கள். டப்பிங் பழகாத காலம். அர்த்தம் புரியாத வசனத்தை ஒலியாகவே ஒப்பித்த இருவரைக் காட்சிக்குக் காட்சி மறுபடி நடிக்க வைப்பது லேசான காரியமா?

நகைச்சுவையை யோசித்ததும், படத்தொகுப்பில் உட்கார்ந்ததும் ஸ்டான் லாரல்தானே என்று கேட்பீர்கள். பெருமளவு உண்மைதான். ஆனால் அந்த வாதத்தை எடுத்தால் ரோச்சின் பெயரையும் அல்லவா அழிக்க வேண்டிவரும்?

பிறகு ஒரே டிக்கெட்டுக்கு இரண்டு முழுநீளப் படம் காட்டும் பழக்கம் பரவியது, குறும்படத்துக்குத் திரையரங்கில் இடம் போயிற்று. லாரல் ஹார்டி குறும்படங்களை ரோச் 1935இல் நிறுத்தினார். முழுநீளப் படங்களில் பாரட் இயக்குநராக நிலைக்கவில்லை, பிறர் படங்களுக்கு நகைச்சுவை எழுதிக்கொடுத்தார். 1939இல் இறந்தபோது வயது 41.

அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 1997இல் இந்தப் படத்தைத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது. அந்தப் படிக்கட்டுக்குக்கூடப் படத்தின் பெயரையே வைத்துவிட்டார்கள்.

புதிதாகச் சிலை கேட்கவில்லை. ரோச்சின் பெயர் அங்கேயே இருக்கட்டும். அதற்குக் கீழே 'இயக்கம்: ஜேம்ஸ் பாரட்' என்று ஒரு வரி சேருங்கள். தொடக்க ஆண்டுகளில் வென்ற மற்றக் குறும்படங்களுக்கும் இதையே செய்யலாம், பட்டியல் ஒன்றும் அவ்வளவு நீளமில்லை.

இப்படிக்கு,
பழைய குறும்படங்களின் ரசிகன்