22 வீல் விமானம் வாகைக்குளத்தில் எப்போது இறங்கியது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வாகைக்குளத்தில் உள்ள எங்கள் தூத்துக்குடி விமான நிலையத்தைப் பற்றி அண்மையில் தங்கள் நாளிதழில் ஒரு செய்தி வந்தது. செய்தியில் குறை இல்லை. பக்கத்தில் போட்டிருந்த படத்தில்தான் மாடி பஸ் மாதிரி இரண்டு அடுக்கு சன்னலும் நாலு என்ஜினுமாக ஒரு விமானம் நின்றது. அது ஏர்பஸ் ஏ380. மொத்தம் 22 வீல். இத்தனை வருஷமும் இங்கே இருந்தது 1,350 மீட்டர் ஓடுதளம். அதில் அந்த வண்டி இறங்கியிருந்தால் தூத்துக்குடி உப்பளத்தில் போய்த்தான் நின்றிருக்கும்.

எனக்கு வல்லநாட்டுக்கும் வாகைக்குளத்துக்கும் நடுவில், நெல்லை - தூத்துக்குடி நான்குவழிச் சாலை ஓரத்தில் பஞ்சர் கடை. 1986இல் மாவட்டத்தைப் பிரித்தார்கள், ஆனாலும் எங்களுக்கு இது திருநெல்வேலிச் சீமைதான். கடைக்கு வருகிற லாரிகளை நான் பெயர் வைத்துச் சொல்வதில்லை. பத்து வீல், பன்னிரண்டு வீல், பதினாலு வீல், அவ்வளவுதான். தலைக்கு மேலே போகிற விமானத்தையும் அதே கணக்கில் பார்க்க ஆரம்பித்தேன்.

இங்கே அதிகம் வருவது ஏடிஆர் 72. முன்னால் இரண்டு, பின்னால் பக்கத்துக்கு இரண்டு, ஆக ஆறு வீல். இறக்கை முதுகின் மேல் இருக்கும். விசிறிக்கு ஆறு இதழ். பின்வீல்கள் வயிற்றின் இருபுறமும் புடைத்திருக்கும் பெட்டிக்குள் மடங்கும். முன்பு கியூ400 என்று ஒன்றும் வந்தது. தூரத்தில் இரண்டும் அண்ணன் தம்பி மாதிரி இருக்கும். ஆனால் கியூ400க்கு என்ஜினிலிருந்தே நெட்டைக்கால் தொங்கும், ஏறியதும் அந்த என்ஜின் கூட்டுக்குள்ளேயே போய்விடும். கால் எங்கே போகிறது என்று பார்த்தால் போதும், பெயர் தெரிந்துவிடும்.

என் கடை ஓடுதளத்துக்கு மேற்கே இருக்கிறது. விமானம் எதிர்காற்றில்தான் ஏறும், இறங்கும். ஆடியில் மேற்கிலிருந்து காற்று அடிக்கும்போது தூத்துக்குடிப் பக்கமிருந்து இறங்கி, எங்கள் பக்கமாக ஏறிப் போகும். அப்போது வீல் மடங்குவதைப் பார்க்கலாம். கார்த்திகை, மார்கழியில் காற்று திரும்பிவிடும். அப்போது எங்கள் தலைக்கு மேலே காலை நீட்டிக்கொண்டு இறங்கும். டயரில் ஒட்டுப் போட்டிருந்தால்கூடத் தெரியும் போலிருக்கும். (விமான டயரில் ஒட்டுப் போடுவதில்லை, தேய்ந்த மேல்பகுதியைப் புதுப்பிக்கிற ரீட்ரெட் மட்டும் உண்டு.)

பெரிய விமானங்களைப் பக்கத்தில் பார்த்தது திருவனந்தபுரத்தில். தம்பியை சவூதிக்கு அனுப்பப் போனவன், அவன் உள்ளே போன பிறகு சங்குமுகம் கடற்கரையில் மூன்று மணி நேரம் நின்றுவிட்டேன். ஏ320க்கும் போயிங் 737க்கும் ஆறு வீல்தான். ஆனால் 737க்கு பின்வீலை மூட முழுக்கதவு கிடையாது. மடங்கிய பிறகும் வயிற்றில் இரண்டு கறுப்பு வட்டம் அப்படியே தெரியும். ஏ320 கதவை மூடிக்கொண்டு வழவழவென்று போகும். மூக்கும் வேறு. 737க்கு எலி மூக்கு, ஏ320க்கு பனங்காய் மாதிரி உருண்டை. 737இன் வால் அடியில் சரிவாக ஒரு முக்கோணம் ஒட்டியிருக்கும், மற்றதில் வால் நேரே எழும்பும். போயிங் 777 வந்தபோது எனக்கு ஒரே சந்தோஷம். ஒரு காலுக்கு மூன்று சோடி, முன்னால் இரண்டு, ஆக மொத்தம் பதினாலு வீல். நம்ம லாரிதான்!

உயரத்தில் போகிறவற்றில் வீல் கணக்கு செல்லாது. பின்னால் விட்டுப் போகிற வெள்ளைக்கோடு இரண்டாகத் தொடங்குகிறதா, நாலாகத் தொடங்குகிறதா என்று என்ஜினை எண்ணலாம். சத்தம் வருகிற திசையில் தேடினால் ஒன்றும் அகப்படாது. பத்து கிலோமீட்டர் உயரத்திலிருந்து சத்தம் கீழே வர அரை நிமிஷம் ஆகும், அதற்குள் விமானம் ஏழு கிலோமீட்டர் தாண்டியிருக்கும். இரவில் அதன் இடது இறக்கையில் சிவப்பு விளக்கு, வலதில் பச்சை. நமக்கு இடப்பக்கம் பச்சை தெரிந்தால் நம்மை நோக்கி வருகிறது.

என் தங்கை மகனுக்கு பன்னிரண்டு வயது. "எதுக்கு மாமா அண்ணாந்து பாக்கிய, ஃப்ளைட்ரேடார்ல எல்லாம் இருக்குல்லா" என்றான். சரிதான், மேலே போகிறது எந்த விமானம் என்று போனில் காட்டுகிற செயலி அது. ஆனால் நாங்கள் ஒரு சட்டம் வைத்திருக்கிறோம். முதலில் பெயர் சொல்ல வேண்டும், அப்புறம்தான் போனைத் திறக்க வேண்டும். போன மாதம் நான் போயிங் 787 என்று அடித்துச் சொன்னது 777 ஆகிவிட்டது. 787இன் இறக்கை மேல்நோக்கி வில்லாக வளைந்திருக்கும், அதை நான் கவனிக்கவில்லை. அவனுக்கு ஒரு புரோட்டா பாக்கி.

போனில் எல்லாமும் தெரியாது. ராணுவ விமானங்கள் பல தெரிவதில்லை. இந்த வருஷம் எங்கள் பகுதி வாட்ஸ்அப்பில் 'தாழ்வாக வட்டமிடும் மர்ம விமானம்' என்று ஒரு படம் சுற்றியது. ஸ்ரீவைகுண்டம் பக்கம் சில வீடுகளில் பிள்ளைகளை வெளியே விடவில்லையாம். படத்தைப் பார்த்தேன். இறக்கை மேலே, இரண்டு விசிறி, ஒல்லியான உடம்பு. குறுக்கு வால் ஏடிஆரைப் போல உச்சியில் இல்லை, கீழே இருந்தது. கடலோரக் காவலுக்குப் போகிற டோர்னியர் 228, கான்பூரில் கட்டுகிற நம்ம விமானம் என்று சொன்னேன். "அண்ணாச்சி, நீங்க டயரைப் பாருங்க" என்று சிரித்தார்கள். டயரைப் பார்த்துத்தானே கற்றுக்கொண்டேன்!

இரண்டாம் உலகப் போரில் இங்கிலாந்தில் கடைக்காரர், குமாஸ்தா போன்ற சாதாரண ஆட்கள்கூட கறுப்பு நிழல் படங்களை வைத்துப் பழகி, எதிரி விமானம் எது, தங்கள் விமானம் எது என்று தரையிலிருந்து சொன்னார்கள். இங்கே 2025 ஜூலையில் புதிய முனையம் திறந்தாயிற்று, ஓடுதளத்தையும் 3,115 மீட்டருக்கு நீட்டியாயிற்று. இனி ஏ320 வகைகளும் வரலாம். எனவே இரண்டு வேண்டுகோள். எந்த விமானத்தைப் பற்றிச் செய்தியோ அதன் படத்தையே போடுங்கள். சிறுவர் பக்கத்தில் வாரம் ஒரு விமானத்தின் நிழல் படம், இறக்கை, என்ஜின், உடம்பு, வால், வீல் எண்ணிக்கை என்று நாலு வரியோடு போடுங்கள்.

பக்கவாட்டுப் படம் வேண்டாம். அடிவயிறு தெரிகிற மாதிரி இருக்கட்டும், நாங்கள் கீழேயிருந்துதான் பார்க்கிறோம்.

இப்படிக்கு,
பஞ்சர் கடைக்காரர்,
வல்லநாடு வழி, தூத்துக்குடி மாவட்டம்.