கடற்கரை விளக்குகளைத் தேர்ந்தெடுப்பவர்களுக்கு ஒரு திறந்த மடல்

பெறுநர்: சோழமண்டலக் கரையோர மாநகராட்சிகள், நகராட்சிகள், ஊராட்சிகளில் தெருவிளக்குப் பணிகளைக் கவனிக்கும் பொறியாளர்கள், அவற்றுக்கு ஒப்புதல் தரும் மன்ற உறுப்பினர்கள்.

வணக்கம்.

தை பிறந்தால் பங்குனி ஆமைகள் முட்டையிடக் கரையேறும். மாசிக் கடைசியிலிருந்து சித்திரை முடியக் குஞ்சுகள் மணலைப் பிளந்து வெளியே வரும். அந்த மாதங்களில் கரையோரம் எந்த விளக்கு, எவ்வளவு உயரத்தில், எந்தப் பக்கம் பார்த்து எரிய வேண்டும் என்று முடிவெடுப்பது நீங்கள். அதனால்தான் இந்த மடல் வனத்துறைக்குப் போகாமல் உங்களுக்கு வருகிறது. இரவில் கரையோரம் நடந்து ஆமைகளின் முட்டைக் குழிகளைத் தேடும் தன்னார்வலர்களான நாங்கள் பேசப்போவது ஆமையின் கண்ணைப் பற்றி. அலைநீளம், கெல்வின், ஒளிவீச்சுக் கோணம் எல்லாம் உங்கள் வாயில் தினமும் புழங்கும் சொற்கள். மற்ற எவரையும்விட உங்களுக்கு இது சீக்கிரம் பிடிபடும்.

எந்த உயிரின் கண்ணும் அது வாழும் இடத்தின் ஒளிக்கேற்ப அமைந்தது. குப்பத்தில் திரியும் ஆட்டின் கண்ணை ஒருமுறை கிட்டப்போய்ப் பாருங்கள். கண்மணி வட்டமாக இருக்காது, படுக்கைவாட்டில் நீள்சதுரமாக இருக்கும். ஆடு தலையைக் குனிந்து மேயும்போதும் அந்தக் கோடு தரைக்கு இணையாகவே நிற்கும். தலை சாயச் சாய விழி குழிக்குள் எதிர்ப்பக்கம் சுழன்று ஈடுகட்டிவிடுகிறது. 50 பாகை வரை சுழலும் என்று 2015-இல் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அளந்து சொன்னார்கள். 214 தரைவாழ் விலங்கினங்களின் கண்மணிகளை ஒப்பிட்ட ஆய்வு அது. மேய்கிற விலங்குக்கு ஆபத்து தரைமட்டத்தில், எந்தத் திசையிலிருந்தும் வரலாம். ஆகவே பக்கவாட்டில் அகலமாகப் பார்க்கும் கண். பதுங்கிப் பாயும் பூனைக்குத் தூரத்தைக் கணிக்க வேண்டும். அதற்குச் செங்குத்துக் கீற்று. பிச்சாவரத்துச் சேற்றில் துள்ளும் மீனுக்குத் தலை உச்சியில் புடைத்த கண்கள், அதுவும் காற்றில் தெளிவாகப் பார்க்கும்படி. மணலில் வளை தோண்டும் நண்டுக்குக் கண்கள் காம்பின்மேல். சமதளக் கடற்கரையில் சுற்றிவரப் பார்க்க அதைவிட நல்ல ஏற்பாடு இல்லை.

கடல் ஆமையின் நிலைமை இவை எல்லாவற்றையும்விடச் சிக்கலானது. அதன் மூதாதைகள் நிலத்தில் வாழ்ந்தவை. கடலுக்குள் போய்ப் பத்துக் கோடி ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டது. துடுப்பு வந்தது, ஓடு தட்டையானது, முட்டை மட்டும் மாறவில்லை. அதற்கு இன்னமும் காற்றும் கதகதப்பான மணலும் வேண்டும். கண்ணோ முழுக்க முழுக்கக் கடலுக்கானது.

நம் கண்ணில் ஒளியைப் பெருமளவு வளைப்பது முன்பக்கமுள்ள, ஒளி ஊடுருவும் விழிவெண்படலம் (கார்னியா). தண்ணீருக்குள் அதற்கு வேலை இல்லை. தண்ணீரும் அதுவும் ஒளியை ஏறத்தாழ ஒரே அளவில்தான் வளைக்கும். குளத்தில் கண்ணைத் திறந்தால் நமக்கு எல்லாம் மங்கலாகத் தெரிவது இதனால்தான். ஆமையின் கண் இந்தக் குறையை உருண்டையான வில்லையால் சரிசெய்கிறது, அதனால் நீருக்குள் தெளிவாகப் பார்க்கும். ஆனால் கரைக்கு வந்ததும் விழிவெண்படலமும் ஒளியை வளைக்கத் தொடங்கிவிடும், உருண்டை வில்லையும் வளைக்கும். பிம்பம் விழித்திரைக்கு முன்னாலேயே விழுந்துவிடும். அதாவது, தரையில் ஆமைக்குக் கடுமையான கிட்டப்பார்வை. பச்சை ஆமை என்ற இன்னொரு கடல் ஆமை இனத்தில் இதை 1967-லேயே அளந்துவிட்டார்கள். சாலை எது, கட்டடம் எது, கடல் எது என்று உருவம் பார்த்துப் பிரித்தறிய அதனால் முடியாது. எந்தப் பக்கம் வெளிச்சம், எந்தப் பக்கம் இருட்டு என்பது நன்றாகத் தெரியும்.

நிறத்திலும் கடலின் முத்திரைதான். கடல்நீர் சிவப்பை முதல் சில மீட்டர்களிலேயே விழுங்கத் தொடங்கும். நீலமும் பச்சையும் ஆழத்துக்குப் போகும். பச்சை ஆமையின் விழித்திரையிலுள்ள நிறமிகள் 440 (நீலம்), 502 (பச்சை), 562 (மஞ்சள்பச்சை) நானோமீட்டர் அலைநீளத்தை ஒட்டி உச்சம் கொள்பவை. நமக்குச் சிவப்பு பளிச்சென்று தெரிகிற இடத்தில் அதற்கு மங்கல். நீலத்திலும் பச்சையிலும் அது கூர்மை. நாம் காணாத புற ஊதாவின் ஓரத்தையும் காணும்.

கண்ணை ஒட்டியே இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், இரவு நடைக்கு முதல்முறை வருகிறவர்கள் எல்லாரும் கேட்பதால். முட்டையிடும் தாய் ஆமையின் கண்ணோரம் கோழை போன்ற கண்ணீர் மணலோடு ஒட்டி வழியும். வலியால் அழுவதாகப் பலர் நினைக்கிறார்கள். கடல்நீரோடு உடம்பில் சேரும் உப்பை வெளியேற்ற ஊர்வனவற்றின் சிறுநீரகத்துக்குத் திறன் போதாது. கண்ணுக்குப் பின்னாலுள்ள சுரப்பி அந்த வேலையைச் செய்கிறது. அது கொட்டும் நீர் கடலைவிட உப்பானது. 1958-இல் ஷ்மிட்-நீல்சன், ஃபாங்கே என்ற இரு ஆய்வாளர்கள் இதை நிறுவினார்கள். ஆமை கடலுக்குள் இருக்கும்போதும் அந்தக் கண்ணீர் வந்துகொண்டேதான் இருக்கும். நாம் பார்ப்பது கரையில் மட்டும்.

இனி குஞ்சுக்கு வருகிறேன். முட்டைக் குழி ஏறக்குறைய ஒன்றரை அடி ஆழம். உள்ளே நூறு முட்டைக்கு மேல். 45 நாளிலிருந்து 60 நாளுக்குள் பொரிந்து, பல குஞ்சுகள் சேர்ந்தே மணலை இடித்து மேலேறும். மேல்மணல் குளிர்ந்த பிறகு, அநேகமாக இரவில் வெளிவரும். ஓடு நான்கு சென்டிமீட்டர், எடை இருபது கிராமுக்குள், தீப்பெட்டியைவிடச் சிறியது. தாய் பக்கத்தில் இல்லை. வழி சொல்ல யாரும் இல்லை. கண் சொல்வதுதான் வழி.

அந்தக் கண் பார்க்கும் முறையும் விசித்திரமானது. பக்கவாட்டில் ஏறத்தாழ 180 பாகைக்கு வெளிச்சத்தை அளக்கிறது, மேல்கீழாக அடிவானத்தை ஒட்டிய சில பாகைகளை மட்டுமே. தலைக்கு மேலே நிலா இருந்தாலும் குஞ்சு அதைத் துரத்தாது. அடிவானத்தில் எந்தப் பக்கம் வெளிச்சமாகவும் தாழ்வாகவும் இருக்கிறதோ அங்கே போகும். உயரமான கருநிழல் தெரியும் பக்கத்தை விட்டு விலகும். மின்விளக்கு இல்லாத கரையில் இது பிசகவே பிசகாத கணக்கு. கிழக்கே திறந்த வானமும் அதை எதிரொளிக்கும் நீரும். மேற்கே மணல்மேடு, அதன்மேல் அடும்புக் கொடி, இராவணன் மீசை, தாழம்புதர். கடல் எப்போதும் வெளிச்சமான பக்கம். அத்தனை கோடி ஆண்டுகளாக இது மாறியதே இல்லை.

நாம் வந்து மேற்கை வெளிச்சமாக்கினோம். முன்பு கம்பங்களில் இருந்த சோடியம் விளக்குகளின் ஒளி பெரும்பாலும் மஞ்சளில் குவிந்திருந்தது. அவையும் ஆமைக்கு முழுக்கப் பாதுகாப்பானவை இல்லை, ஆனாலும் தொல்லை குறைவு. 2015-க்குப் பிறகு நாடு முழுக்கத் தெருவிளக்குகள் எல்இடி ஆயின. மின்சாரம் மிச்சமானது, அதில் எனக்கு மகிழ்ச்சியே. ஆனால் வெள்ளை எல்இடி என்பது அடிப்படையில் ஒரு நீல எல்இடி. மேலே பூசிய பாஸ்பர் என்னும் ஒளிரும் பூச்சு அந்த நீலத்தில் ஒரு பகுதியை மஞ்சளாக மாற்றுகிறது. மிச்சமுள்ள நீலம் 450 நானோமீட்டரை ஒட்டி ஊசிபோல உயர்ந்து நிற்கும். 6,500 கெல்வின் (நீலம் கூடிய வெள்ளை) விளக்கின் நிறமாலை வரைபடத்தை எடுத்து வைத்து, மேலே சொன்ன 440-ஐ அதில் குறித்துப் பாருங்கள். கடல் ஆமையைக் கூப்பிடுவதற்கென்றே செய்த விளக்குபோல இருக்கும்.

கரையில் அதன் விளைவை மணலே எழுதிக் காட்டும். குழியிலிருந்து கிளம்பும் தடங்கள் விசிறிபோல விரிந்து கடலுக்குப் போக வேண்டும். உயர்கோபுர விளக்கு இருக்கும் இடங்களில் அவை மேற்கே திரும்பிச் சாலையை நோக்கிப் போகும். சில தடங்கள் வட்டமடிக்கும், தன்னையே வெட்டிக்கொண்டு. கம்பத்தின் அடியில் பத்துப் பன்னிரண்டு குஞ்சுகள் ஒரே இடத்தைச் சுற்றிக்கொண்டிருக்கும். நாய் எடுக்கும், நண்டு இழுக்கும், விடிந்தால் காக்கை. தப்பிப்பதும் முழுப் பலத்தோடு கடலுக்குப் போவதில்லை. முட்டையின் மஞ்சள் கருவில் மிஞ்சியதுதான் குஞ்சின் வயிற்றிலுள்ள கட்டுச்சோறு. முதல் ஒரு நாள் ஓயாமல் நீந்தி ஆழ்கடலை எட்ட அது வேண்டும். அதைத் தார்ச்சாலையில் செலவழித்துவிட்டுப் போகிறது. ஆயிரத்தில் ஒன்று பிழைத்துப் பெரிதாகும் என்பது பொதுவான மதிப்பீடு. அந்த ஒன்றையும் நாம் கெடுக்கிறோம்.

உங்கள் தரப்பில் எழும் கேள்விகள் எனக்குத் தெரியும். முட்டைகளைத்தான் பொரிப்பகத்துக்குக் கொண்டுபோய்விடுகிறீர்களே என்பீர்கள். எல்லாக் குழிகளும் கண்ணில் படுவதில்லை. பொரிப்பகத்துக் குஞ்சுகளை விடும்போதும் நகர வெளிச்சத்தோடு போட்டிபோட நாங்கள் அலை விளிம்பில் டார்ச் பிடித்து நிற்க வேண்டியிருக்கிறது. வெளிச்சமான கரையைத் தாய் ஆமைகளே தவிர்க்கின்றன. ஆமைகளைக் கொல்வது இழுவலைகள்தானே என்பீர்கள். உண்மை. 2025 ஜனவரியில் சென்னைக் கரையில் நூற்றுக்கணக்கில் ஒதுங்கிய உடல்கள் அதைத்தான் சொன்னன. அதற்கான மடல் மீன்வளத் துறைக்குத் தனியாகப் போக வேண்டும். விளக்கு உங்கள் கையில் இருக்கிறது.

மீனவக் குடியிருப்புகளின் வெளிச்சத்தை யாரும் பறிக்கக் கூடாது என்பதை அழுத்திச் சொல்கிறேன். விடியலுக்கு முன் படகு தள்ளுகிறவர்களுக்கும், ஏலத்துக்குக் கூடை தூக்கிப் போகும் பெண்களுக்கும் வெளிச்சம் வேண்டும். ஆமைக்காக ஒரு குப்பத்தை இருட்டில் வைப்பதை நானே எதிர்ப்பேன். அவர்களுக்குத் தேவை காலடியில் விழும் ஒளி. முப்பது அடிக்கு மேலே நின்று கடலைப் பார்த்து இறைக்கும் வெள்ளை ஒளி அவர்களுடைய கண்ணையும் கூசவைக்கிறது, நிழலை இன்னும் இருட்டாக்குகிறது.

ஃபுளோரிடாவில் பல பத்தாண்டுகளாக நடைமுறையில் இருக்கும் விதி எளிமையானது: தாழ்வாக வை, மறைத்து வை, நீண்ட அலைநீளத்தில் வை. அங்கே ஏற்கப்படும் வரம்பு 560 நானோமீட்டருக்கு மேல், அதாவது மஞ்சள், ஆரஞ்சு, சிவப்புப் பக்கம். ஒடிசாவில் கஹிர்மாதா, ருஷிகுல்யா கரைகளில் பருவகாலத்தில் விளக்குகளை மறைக்கவும் குறைக்கவும் செய்கிறார்கள். நம் கரையும் சட்டப்படி குறைந்தது இல்லை. பங்குனி ஆமை 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள உயிர். ஆமை முட்டையிடும் கரைகள் கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையில் அதிகபட்சப் பாதுகாப்புப் பிரிவில் வருபவை.

எனவே அடுத்த டெண்டரில் கடலைப் பார்த்த முதல் வரிசைக் கம்பங்களுக்குத் தனி விவரக்குறிப்பு எழுதுங்கள். வெள்ளையை வடிகட்டிய மஞ்சள் வேண்டாம், அசல் அம்பர் (ஆரஞ்சு மஞ்சள்) எல்இடி வேண்டும். ‘வார்ம் ஒயிட்’ என்று எழுதிக் கொடுத்தால் ஏற்காதீர்கள். 3,000 கெல்வினிலும் அந்த நீல முனை இருக்கிறது. கெல்வின் எண்ணை நம்பாமல் நிறமாலை வரைபடத்தைக் கேட்டு வாங்குங்கள். கடல் பக்கம் தகட்டு மறைப்பு வையுங்கள். ஆள் நடமாட்டமில்லாத மணற்பரப்பைக் காட்டும் உயர்கோபுர விளக்குகளுக்கு டைமர் போட்டு, ஜனவரி முதல் மே வரை இரவு பத்துக்குமேல் அணையுங்கள். கரையோர விடுதிகளின் அலங்கார விளக்குகளுக்கும் உரிம நிபந்தனையில் இதையே சேர்க்கலாம். மணல்மேட்டில் அடும்பையும் இராவணன் மீசையையும் ‘சுத்தம்’ என்ற பெயரில் வழிக்காமல் விட்டாலே பாதி மறைப்பு கிடைத்துவிடும். அதற்கு ஒரு ரூபாய்கூடச் செலவில்லை.

ஒட்டுமொத்தக் கரையையும் ஒரே ஆண்டில் மாற்றச் சொல்லவில்லை. உங்கள் எல்லைக்குள் ஒரு கிலோமீட்டரை மட்டும் இந்தப் பருவத்துக்கு முன் மாற்றிப் பாருங்கள். அந்தக் கிலோமீட்டரிலும் பக்கத்துக் கிலோமீட்டரிலும் குஞ்சுத் தடங்கள் எத்தனை கடலுக்குப் போயின, எத்தனை சாலைக்குத் திரும்பின என்று தினமும் விடியலில் எண்ணிக் குறித்துத் தருவது எங்கள் பொறுப்பு. வைகாசியில் அந்தக் கணக்கை உங்கள் மன்றக் கூட்டத்தில் வைப்போம். அதைப் பார்த்துவிட்டு அடுத்த கிலோமீட்டரை முடிவு செய்யுங்கள்.

அன்புடன்,
ஆமை நடைத் தன்னார்வலர் ஒருவர்