ஒனோடாவின் கதையைச் சொல்லும் பேச்சாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

கல்லூரி விழாக்களிலும் நிறுவனப் பயிலரங்குகளிலும் தன்னம்பிக்கை உரை நிகழ்த்தும் மதிப்பிற்குரிய பேச்சாளர்களுக்கு, வணக்கம்.

இரண்டாம் உலகப் போர் முடிந்ததே தெரியாமல், பிலிப்பைன்ஸின் லுபாங் தீவுக் காட்டில் 29 ஆண்டுகள் காவல் காத்த ஜப்பானிய லெப்டினன்ட் ஹிரூ ஒனோடாவைப் பற்றி நீங்கள் அடிக்கடி சொல்கிறீர்கள். அவருக்கு ஆணையிட்ட மேலதிகாரியே 1974 இல் நேரில் வந்து அந்த ஆணையை விலக்கிக்கொண்ட பிறகுதான் அவர் துப்பாக்கியைக் கீழே வைத்தார் என்று முடிக்கும்போது அரங்கம் கைதட்டுகிறது. செஞ்சோற்றுக் கடன் என்ற சொல்லைக் கேட்டாலே சிலிர்த்துப்போகும் மரபு நம்முடையது என்பதால், அந்தக் கைதட்டலில் எனக்கு வியப்பில்லை. நீங்கள் சொல்வது முழுப் பொய்யும் அல்ல. ஆனால் பல ஆண்டுகள் வரலாறு கற்பித்தவன் என்ற முறையில், நீங்கள் விட்டுவிடும் பகுதிகளைப் பற்றி உங்களோடு பேச வேண்டியிருக்கிறது.

முதலில், 'தெரியாமல்' என்ற சொல். ஒனோடா 1944 டிசம்பரில் லுபாங்குக்கு அனுப்பப்பட்டார். 1945 பிப்ரவரி இறுதியில் அமெரிக்கப் படை அங்கு இறங்கியபின் அவரும், யுயிச்சி அகாட்சு, ஷோய்ச்சி ஷிமாடா, கின்ஷிச்சி கொசுகா என்ற மூவரும் காட்டில் எஞ்சினார்கள். போர் ஆகஸ்டு 15 அன்று முடிந்துவிட்டது, மலையிலிருந்து இறங்கி வாருங்கள் என்ற துண்டறிக்கை அதே ஆண்டிலேயே அவர்கள் கையில் கிடைத்தது. ஆண்டு முடிவதற்குள் பிலிப்பைன்ஸ் படைகளின் தளபதி யமாஷிதாவின் பெயரில் அச்சிட்ட சரணடைவு ஆணையும் வானிலிருந்து விழுந்தது. 1949 இல் குழுவைவிட்டு விலகிய அகாட்சு 1950 இல் சரணடைந்தார். 1952 இல் குடும்பத்தாரின் கடிதங்களும் நிழற்படங்களும் விமானத்திலிருந்து போடப்பட்டன. உடன்பிறந்த அண்ணனே தீவுக்கு வந்து ஒலிபெருக்கியில் அழைத்தார். போதாக்குறைக்கு, 1960களில் ஒரு ட்ரான்சிஸ்டர் வானொலியும் அவர்கள் வசம் இருந்தது. ஜப்பானியக் குதிரைப் பந்தய ஒலிபரப்பைக் கேட்டு, எந்தக் குதிரை வெல்லும் என்று ஒனோடாவும் கொசுகாவும் தங்களுக்குள் பந்தயம் கட்டிக்கொண்டார்கள். வந்து சேர்ந்த ஒவ்வொரு செய்தியையும் எதிரியின் சூழ்ச்சி என்று படித்துக்கொள்ளும் பழக்கம் அவர்களுக்கு ஏற்பட்டிருந்தது. கடிதம் உண்மையானால் மிரட்டி எழுதவைத்திருப்பார்கள். குரல் அண்ணனுடையதானால் யாரோ நன்றாக நடிக்கிறார்கள். செய்தி கிடைக்காதவனின் கதையைவிட இந்தக் கதைதான் உங்கள் மாணவர்களுக்குப் பயன்படும் என்று எனக்குத் தோன்றுகிறது.

அடுத்தது, ஒனோடாவின் உறுதிக்கு நீங்கள் காரணமாகச் சொல்லும் சாமுராய் மரபு, அதாவது பழைய ஜப்பானியப் போர்வீரக் குல மரபு. 'சிறைப்பட்டு அவமானத்தோடு வாழாதே' என்று 1941 இல் இராணுவ அமைச்சர் டோஜோவின் பெயரில் ஜப்பானிய இராணுவம் வெளியிட்ட நடத்தைக் கோவை சாதாரணச் சிப்பாய்களுக்கு விதித்திருந்தது. பசிபிக் தீவுகளில் ஆயிரக்கணக்கானோர் சரணடைவதைவிடச் சாவதே மேல் என்று மாண்டதற்கு அது ஒரு காரணம். ஆனால் ஒனோடா அந்த வார்ப்பில் வந்தவர் அல்லர். உளவுக்கும் கெரில்லாப் போருக்கும் ஆள் பழக்கிய நகானோ பள்ளியின் ஃபுதாமாதா கிளையில் பயின்றவர் அவர். அங்கே கற்பித்தது நேர்மாறானது: செத்துவிடாதே, என்ன நேர்ந்தாலும் உயிரோடிருந்து வேலையைத் தொடர். லுபாங்கில் அவருக்கு இடப்பட்ட ஆணையும் அதுவே. விமான ஓடுதளத்தையும் துறைமுகப் பாலத்தையும் தகர்க்க வேண்டும். தன் உயிரைத் தானே மாய்த்துக்கொள்ளக் கூடாது. படை திரும்பி வந்து அழைத்துக்கொள்ளும். அந்தத் தகர்ப்பு வேலைகூட நடக்கவில்லை என்பதைப் பெரும்பாலும் யாரும் சொல்வதில்லை. தீவிலிருந்த உயர் அதிகாரிகள் அதற்கு ஒத்துழைக்கவில்லை. எனவே தொன்மையான வீரக்குலத்தின் குருதி என்று நீங்கள் வருணிப்பது, உண்மையில் ஓர் உளவுப் பயிற்சிக் கூடம் சில மாதங்களில் ஊட்டிய பாடம்.

நான் எழுத உட்கார்ந்ததே இனி வரும் செய்திக்காகத்தான். அந்தக் காட்டைச் சுற்றி ஆட்கள் குடியிருந்தார்கள். லுபாங் ஆளில்லாத் தீவு அன்று. உழவரும் மீனவரும் வாழ்ந்த, இன்றும் வாழ்கிற ஊர்கள் அங்கே உள்ளன. நால்வரும் அரிசியையும் வாழைப்பழத்தையும் அந்த மக்களிடமிருந்துதான் எடுத்தார்கள். மாடுகளைச் சுட்டு இறைச்சியைக் காயவைத்து உண்டார்கள். அது மட்டுமன்று. தாங்கள் இன்னும் போரிட்டுக்கொண்டிருக்கிறோம் என்று எங்கோ இருக்கும் ஜப்பானியப் படைக்கு அடையாளம் காட்ட, அறுவடை முடிந்து குவித்திருந்த நெற்போர்களுக்கு அவர்கள் தீ வைத்தார்கள். களத்து மேட்டில் அறுத்துப் போட்ட நெல் எரிந்தால் ஒரு குடும்பத்துக்கு அந்த ஆண்டு என்ன ஆகும் என்பதை நம் ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. 1972 அக்டோபரில் அப்படி நெல்லுக்குத் தீ வைத்துக்கொண்டிருந்தபோதுதான் கொசுகா காவலர்களின் குண்டுக்கு இரையானார். ஷிமாடா 1954 லேயே ஒரு தேடுதல் படையோடு நடந்த மோதலில் இறந்திருந்தார்.

அந்த ஆண்டுகளில் தீவு மக்களில் ஏறத்தாழ 30 பேர் இந்தச் சிறு குழுவின் கையால் கொல்லப்பட்டார்கள் என்பதே பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. காயம்பட்டவர்கள் வேறு. ஒனோடாவின் கணக்கில் அவர்கள் எதிரிகள், அல்லது உழவர் வேடமிட்ட ஒற்றர்கள். தீவு மக்களைப் பொறுத்தவரை போர் 1945 இலேயே ஓய்ந்துவிட்டது. வயலுக்கோ காட்டோரத்துக்கோ போன அவர்களுடைய அப்பனும் அண்ணனும் மட்டும் திரும்பி வரவில்லை. நீங்கள் மேடையில் 29 ஆண்டு என்று அழுத்திச் சொல்லும் ஒவ்வொரு முறையும், அந்த எண்ணுக்குள் இந்த 30 பேரும் அடங்கியிருக்கிறார்கள்.

1974 மார்ச் 11 அன்று ஒனோடா தம் வாளை அதிபர் ஃபெர்டினாண்ட் மார்கோஸிடம் ஒப்படைத்தார். மார்கோஸ் அதைத் திருப்பித் தந்து, முழு மன்னிப்பும் வழங்கினார். 1972 முதல் நாட்டையே இராணுவச் சட்டத்தின்கீழ் வைத்திருந்தவர் அவர். மன்னிக்கும் உரிமையை லுபாங்கின் விதவைகளிடம் அவர் கேட்டுப் பெற்றதாக நான் எங்கும் படித்ததில்லை.

உங்கள் கதையின் உச்சக்கட்டமான மேலதிகாரியின் வருகையையும் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். ஒனோடாவைக் கண்டுபிடித்தது எந்த அரசும் அன்று. கல்லூரிப் படிப்பைக் கைவிட்டு ஊர் சுற்றிக்கொண்டிருந்த நோரியோ சுசுகி என்ற 24 வயது இளைஞர். ஒனோடாவையும், ஒரு பாண்டாவையும், பனிமனிதனையும் அதே வரிசையில் பார்த்துவிட வேண்டும் என்று கிளம்பியவர். (மூன்றாவதைத் தேடி இமயமலைக்குப் போய் 1986 இல் அங்கேயே உயிர்விட்டார்.) 1974 பிப்ரவரியில், தேடத் தொடங்கிய நான்கே நாட்களில் அவர் ஒனோடாவைச் சந்தித்தார். மேலதிகாரியின் ஆணை வந்தால் வருகிறேன் என்றார் ஒனோடா. அந்த மேலதிகாரி மேஜர் யோஷிமி தனிகுச்சி, ஜப்பானில் புத்தக வணிகராக அமைதியாக வாழ்ந்துகொண்டிருந்தார். மார்ச் 9 அன்று அவர் காட்டுக்கு வந்து, படைப்பிரிவின் அனைத்துப் போர் நடவடிக்கைகளும் நிறுத்தப்படுவதாகச் சில வரிகளைப் படித்தார்; ஒனோடா துப்பாக்கியிலிருந்து தோட்டாக்களை எடுத்துவிட்டார்.

அந்தச் சில வரிகளுக்கு 29 ஆண்டுகள் ஏன் ஆயின என்ற கேள்வியை மேடையில் யாரும் எழுப்பி நான் கேட்டதில்லை. பசிபிக்கின் சைபான் தீவில் இதேபோல் எஞ்சியிருந்த ஜப்பானிய கேப்டன் சகாயே ஓபாவும் அவரோடிருந்த 46 பேரும், உயர் அதிகாரியின் முறையான ஆணை கைக்கு வந்ததும், 1945 டிசம்பர் 1 அன்றே அணிவகுத்து வந்து சரணடைந்தார்கள். அதாவது, இத்தகையவர்களை வெளியே கொண்டுவரும் வழி முதல் ஆண்டிலேயே தெரிந்திருந்தது. லுபாங்கில் தேடுதல்கள் நடந்தன, ஒலிபெருக்கிகள் முழங்கின, 1959 இல் ஒனோடாவும் கொசுகாவும் இறந்தவர்களாக அறிவிக்கப்பட்டார்கள். ஆணையிட்டவரை மட்டும் யாரும் கூட்டி வரவில்லை. இதில் நீங்கள் கடமையைப் பார்க்கிறீர்கள். அனுப்பிய ஆளைத் திரும்ப அழைக்கும் கடமையை மறந்த ஒரு நிர்வாகத்தை நான் பார்க்கிறேன்.

ஒனோடா ஒருவரை மட்டும் சொல்வதாலும் படம் கோணலாகிறது. அவருக்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1972 ஜனவரியில், பசிபிக்கின் குவாம் தீவில், தலோஃபோஃபோ ஆற்றருகே, ஒளிந்து வாழ்ந்த ஷோய்ச்சி யோகோய் என்ற ஜப்பானிய சார்ஜெண்டை உள்ளூர் வேட்டையாடிகள் இருவர் பிடித்தார்கள். படைக்கு வருமுன் தையல் தொழில் கற்றவர். நிலத்தடியில் தோண்டிய குகையில் வாழ்ந்து, பூவரசு இனத்து மரப்பட்டையை நாராக உரித்து, தாமே செய்த தறியில் நெய்து சட்டை தைத்து உடுத்தியவர். போர் முடிந்தது 1952 இலேயே தெரியும் என்றும், வெளியே வர அஞ்சியதாகவும் அவர் ஒளிக்காமல் சொன்னார். வெட்கத்தோடு உயிருடன் திரும்பியிருக்கிறேன் என்று அவர் நாடு திரும்பியபோது சொன்ன சொல் ஜப்பானில் வழக்குச் சொல்லாகவே ஆகிவிட்டது. அச்சத்தை அச்சம் என்றே சொன்ன அந்தத் தையற்காரரை எனக்கு ஒனோடாவைவிடப் பிடிக்கும். உங்கள் மேடையில் அவருக்கு ஏன் இடமில்லை என்பதும் எனக்குப் புரிகிறது.

மூன்றாமவரைப் பெரும்பாலானோர் கேள்விப்பட்டிருக்கவே மாட்டார்கள். 1974 டிசம்பர் 18 அன்று இந்தோனேசியாவின் மொரோட்டாய் தீவில், தனிக் குடிசையில் வாழ்ந்த ஒரு சிப்பாயை இந்தோனேசிய வீரர்கள் பிடித்தார்கள். இராணுவப் பதிவேட்டில் அவர் பெயர் தெருவோ நகமுரா. பிறந்தபோது இட்ட பெயர் அத்துன் பலாலின். தைவானின் அமிஸ் பழங்குடியினர். தைவான் ஜப்பானின் காலனியாக இருந்தபோது, தகசாகோ தொண்டர் படை என்ற பெயரில் பழங்குடி இளைஞர்களைத் திரட்டிய பிரிவில் 1943 இல் சேர்ந்தவர். 1956 முதல் முற்றிலும் தனியாக வாழ்ந்தார். ஒனோடாவைவிடச் சில மாதங்கள் கூடுதலாகவே அவர் காட்டில் இருந்தார். ஆனால் அவர் எந்தப் பேரரசுக்காகக் காத்திருந்தாரோ அந்தப் பேரரசு அவரைத் தன்னவராக எண்ணவில்லை. காலனிப் படைவீரர் என்பதால் ஜப்பானியச் சட்டப்படி ஓய்வூதியம் இல்லை. கைக்கு வந்தது 68,000 யென். பத்திரிகைகளில் கண்டனம் எழுந்த பிறகு நன்கொடைகள் சேர்ந்தன. ஊர் திரும்பியபோது, இறந்துவிட்டார் என்று நம்பிய மனைவி வேறொருவரை மணந்திருந்தார். அவருக்கே புதிதாக லீ குவாங்-ஹுய் என்ற சீனப் பெயர் கொடுக்கப்பட்டது. 1979 இல் நுரையீரல் புற்றுநோயால் இறந்தார். விசுவாசத்துக்கு என்ன கிடைக்கும் என்று உங்கள் அரங்கில் ஓர் இளைஞர் கேட்டால், இந்த மனிதரைத் தவிர்த்துவிட்டு விடை சொல்வது நேர்மையாகாது.

ஒனோடாவைப் பழிக்குமாறு நான் உங்களைக் கேட்கவில்லை. 22 வயதில் அனுப்பப்பட்டு 51 வயதில் வெளியே வந்த மனிதர் அவர். மாறிப்போன ஜப்பானில் பொருந்தாமல் 1975 இல் பிரேசிலுக்குப் போய் மாடு வளர்த்தார். 1984 இல் திரும்பி வந்து சிறுவர்களுக்கு இயற்கையில் வாழும் கலையைக் கற்பிக்கும் பள்ளியைத் தொடங்கினார். 1996 இல் லுபாங்குக்குச் சென்று அங்குள்ள பள்ளிக்கு 10,000 டாலர் நன்கொடை அளித்தார். 2014 இல் டோக்கியோவில் காலமானார். இவற்றையும் சொல்லுங்கள். அவர் வாய்மொழியைக் கேட்டு அவருடைய தன்வரலாற்றை எழுதிக் கொடுத்த எழுத்தாளரே சில ஆண்டுகளில் அவரை வீரராக ஏற்க மறுத்துத் தனி நூல் எழுதினார் என்பதையும் சொல்லுங்கள்.

என் வேண்டுகோள் ஒன்றுதான். அடுத்த முறை இந்தக் கதையை ஒனோடாவின் காட்டிலிருந்து தொடங்காமல், 1972 அக்டோபரில் எரிந்துகொண்டிருந்த அந்த நெல்லிலிருந்து தொடங்கிப் பாருங்கள். அதை விதைத்தவருக்கும் அறுத்தவருக்கும் ஒனோடாவுக்குத் தருகிற அதே நிமிடங்களைத் தாருங்கள். அதன் பிறகும் அரங்கம் கைதட்டுகிறதா என்று எனக்கு எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர் ஒருவர்